அப்பாவுக்குச் சேர வேண்டிய மீசை

என்னை நீங்கள் பார்த்திருக்கிறீர்கள். கவனித்திருக்க மாட்டீர்கள். கதாநாயகன் டீக்கடையில் உட்கார்ந்திருக்கும்போது சுற்றி நாலு நண்பர்கள் இருப்பார்கள் அல்லவா, அதில் நாலாவது ஆள் நான். காமெடியன் அறை வாங்கினால் முதலில் சிரிப்பவன், பாட்டு வந்தால் மூன்றாவது வரிசையில் இடது ஓரம் ஆடுபவன், சண்டை வந்தால் முதலில் ஓடுபவன். இருபது வருடமாக இதுதான் பிழைப்பு. அழுகைப் படங்களுக்கு என்னைக் கூப்பிட மாட்டார்கள். என் முகத்தைப் பார்த்தாலே ஜனங்கள் சிரித்துவிடுவார்களாம். (இதைப் பாராட்டாகத்தான் சொன்னார்களா என்று இன்றுவரை நான் கேட்டுக்கொள்ளவில்லை. எதுக்கு வம்பு?)

இந்தத் தொழிலுக்கு ஒரே விதி. எதிரில் இருப்பவர் என்ன முகம் காட்டுகிறாரோ, அதற்குத் தகுந்த முகத்தை நாமும் காட்ட வேண்டும். ரியாக்‌ஷன் என்பார்கள். அவர் சிரித்தால் சிரிக்க வேண்டும், அதிர்ந்தால் அதிர வேண்டும். ஏன் எதற்கு என்று கேட்கக் கூடாது. இதைச் செய்து செய்து எனக்குச் சொந்தமாக ஒரு முகமே இல்லாமல் போய்விட்டது. இந்தப் பழக்கத்தால் பெற்ற தகப்பனையே உயிரோடு இருக்கும்போது ஒரு தடவை சாகடித்தேன். அதைத்தான் சொல்லப் போகிறேன்.

அதற்கு முன்னால் எங்கள் ஊர் வழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். கம்பம் பக்கத்தில் சுருளிப்பட்டி எங்கள் ஊர். அப்பாவுக்குத் திராட்சைத் தோட்டம். எங்கள் பக்கத்தில் ஆண்பிள்ளை தலைமுடியைச் சாமிக்குக் கொடுக்கலாம், வேண்டுதல் என்று யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். மீசை அப்படியில்லை. அது அப்பனுக்குச் சேர வேண்டியது. அப்பன் இறந்த அன்று சுடுகாட்டில் உட்கார்ந்து தலையோடு சேர்த்து மீசையையும் எடுத்துவிட்டுத்தான் மகன் கொள்ளி வைக்க வேண்டும். அதுவரை ட்ரிம் பண்ணலாம், முறுக்கலாம், சாயம் அடிக்கலாம், எடுக்க மட்டும் கூடாது. மீசையில்லாத மொட்டைத் தலையோடு ஒருத்தன் எதிரில் வந்தால் எங்கள் ஊரில் யாரும் என்ன ஏது என்று விசாரிக்க மாட்டார்கள். கையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் தலை குனிந்து நிற்பார்கள். அவ்வளவுதான் விசாரணை.

ஒரு படத்தின் ஷூட்டிங் எங்கள் பக்கத்திலேயே, குச்சனூர் வாய்க்கால் கரையில் நடந்தது. (சனீஸ்வரன் குடியிருக்கும் ஊர். அப்போதே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும்.) காமெடிப் படம், ஆறு பாட்டு. கதாநாயகனின் நண்பர்கள் நாலு பேரும் பந்தயத்தில் தோற்று மொட்டையடித்துக்கொண்டு திருவிழாவில் ஆடுவதாக ஒரு பாட்டு. உதவி இயக்குநர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"பாண்டிண்ணே, மொட்டைன்னா முழு மொட்டை. மீசையும் போகணும், அப்பத்தான் சிரிப்பு வரும். உங்களுக்குப் பாட்டு நடுவுல ஒரு குளோசப் இருக்கு. டயலாக்கும் இருக்கு."

இருபது வருடத்தில் எனக்குக் குளோசப்பே வந்ததில்லை. டயலாக் என்றால் 'ஆமா மாப்ள', 'ஓடுங்கடா' இரண்டும்தான். இப்போது முழுசாக ஒரு வரி: "மாப்ள, தலையில காத்து அடிக்குதுடா!" அதை மொட்டையடிப்பதற்குள் நூறு தடவை சொல்லிப் பார்த்திருப்பேன். அப்பாவுக்கு ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கலாம். கேட்டால் வேண்டாம் என்பார் என்று தெரியும், அதனால் போடவில்லை. யூனிட்டில் முடி வெட்டுகிறவர் வாய்க்கால் படிக்கட்டில் உட்கார வைத்து மழித்தார். முதலில் தலை. பிறகு உதட்டுக்கு மேலே இரண்டே இழுப்பு. இருபத்தைந்து வருடத்து மீசை வாய்க்கால் தண்ணீரில் மிதந்து போனது. நான் கண்ணாடியில் பல்லைக் காட்டி டயலாக்கைச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் எங்களுக்கு ஓய்வு. விவரத்தை நாமே நேரில் சொல்லிவிடுவது நல்லது என்று கம்பம் பஸ்ஸில் ஏறினேன். தலையில் துண்டு. உத்தமபாளையத்தில் ஏறினார் எங்கள் பெரியம்மா. அப்பாவின் அண்ணன் மனைவி. கூட்டத்தில் நெருங்கி வந்து என்னைப் பார்த்தவர் அப்படியே நின்றுவிட்டார். பார்வை என் தலையில் இல்லை, மேலுதட்டில் இருந்தது. கண் கலங்கியது. என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"எங்களுக்கு ஒரு வார்த்த சொல்லி விடலையேய்யா..." என்று ஆரம்பித்து, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கினார்.

இங்கேதான் நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். 'பெரியம்மா, இது சினிமாவுக்கு' என்று மூன்று வார்த்தை. ஆனால் எதிரில் ஒருவர் இத்தனை உருக்கமாக முகம் காட்டும்போது என்னால் சும்மா இருக்க முடியவில்லை. என் முகம் தானாகத் தொங்கியது. கண்ணை மூடித் திறந்தேன். உதடு துடித்தது. (நெசமாவே நல்லா வந்துச்சு. கேமராதான் இல்ல.) பெரியம்மாவுக்கு வேறு ஏதோ கஷ்டம், படத்தில் நடிக்கிற பையனிடம் மனம் விட்டு அழுகிறார் என்றுதான் முட்டாள்தனமாக நினைத்துக்கொண்டேன். அடுத்த நிறுத்தத்திலேயே அவர் அவசரமாக இறங்கிப் போனார்.

கம்பத்தில் இறங்கி நேராக வீட்டுக்குப் போக எனக்குத் துணிவு வரவில்லை. ஒரு கடையில் உட்கார்ந்து டீ, வடை, மறுபடி டீ என்று ஒன்றரை மணி நேரம் தைரியத்தைச் சேர்த்துக்கொண்டேன். சுருளிப்பட்டியில் போய் இறங்கினால் எங்கள் தெருவில் மூன்று ஆட்டோ, ஒரு வேன். வாசலில் பெண்கள் கூட்டம். உள்ளே நடுவில் பிளாஸ்டிக் நாற்காலியில் அப்பா உட்கார்ந்திருந்தார். மடியில் இரண்டு ரோஜா மாலை. பக்கத்தில் பெரியம்மா தலையில் கை வைத்துக்கொண்டு, அழுவதா சிரிப்பதா என்று தெரியாமல் விக்கிக்கொண்டிருந்தார். அம்மா எல்லோருக்கும் காப்பி ஆற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

"வந்ததுதான் வந்தீக, இருந்து சாப்பிட்டுப் போங்க" என்று அப்பா சொல்லிக்கொண்டிருந்தார். "அடுத்த தடவ வாரப்ப நான் வாங்கன்னு சொல்ல முடியாதுல்ல."

எல்லோரும் சிரித்தார்கள். அப்போது என்னைப் பார்த்தார். சிரிப்பு நின்றது. அவருடைய பார்வையும் மேலுதட்டில்தான் நின்றது. மாலைகளை நாற்காலியில் வைத்துவிட்டு எழுந்து தோட்டத்துக்குப் போய்விட்டார்.

அம்மா என்னைச் சமையலறைக்கு இழுத்துக்கொண்டு போனார். "தலைய எடுத்தா சாமிக்குன்னு சொல்லிக்கிரலாம். மீசைய எதுக்குய்யா எடுத்த?"

"கதைக்குத் தேவைப்பட்டுச்சும்மா" என்றேன். நடிகைகள் பேட்டியில் சொல்கிற பதில். அம்மா கரண்டியை ஓங்கியவர், வாசலில் ஆட்கள் இருந்ததால் கீழே போட்டுவிட்டார்.

சாயங்காலம் தோட்டத்துக்குப் போனேன். அப்பா திராட்சைப் பந்தலுக்குக் கீழே நின்று கொடி கட்டிக்கொண்டிருந்தார். அந்தப் பந்தல் தாழ்வானது, குனிந்துதான் நிற்க முடியும். இரண்டு பேரும் குனிந்தபடியே நின்றோம்.

"ஏலே, கவாத்துப் பண்ணி வெட்டுன கொடியில நாலு மாசத்துல காயி வரும். ஒந்தலையில என்ன வரும்?" என்றார்.

குளோசப் வரும் என்றேன். அப்படியென்றால் என்ன என்று கேட்டார். திரை முழுக்க என் முகம் மட்டும் தெரியும் என்று சொன்னேன். அவர் அதுவரை என் படம் எதையும் முழுதாகப் பார்த்ததில்லை. 'நீ வாரதுக்குள்ள கண்ணு அசந்துருது' என்பார். (தப்புச் சொல்ல முடியாது. என்னை நானே தவறவிட்டிருக்கிறேன்.) அன்று என்ன தோன்றியதோ, "என்ன பேசப் போற? சொல்லு" என்றார்.

சொன்னேன். "மாப்ள, தலையில காத்து அடிக்குதுடா!"

அப்பா முகத்தைச் சுளித்தார். "வெறும் வாயில சொல்ற. மொட்டையடிச்ச எவனும் கைய வச்சுக்கிட்டுச் சும்மா இருக்க மாட்டான். பின்னந்தலையில இருந்து முன்னால தடவிக்கிட்டே சொல்லு. தடவுறப்ப மயிரு இல்லைன்னு அப்பத்தான் தெரிஞ்ச மாதிரி முழிக்கணும்."

செய்து காட்டினேன். இல்லை என்று அவரே தலையைத் தடவிச் செய்து காட்டினார். அவருக்குத் தலை நிறைய நரைமுடி. இருந்தும் இல்லாததுபோலவே முழித்தார். நான் வாய்விட்டுச் சிரித்தேன். அவரும் சிரித்தார். பிறகு, "மீசைய மட்டும் விட்டு வச்சிருக்கலாம்" என்று மெதுவாகச் சொல்லிவிட்டுக் கொடி கட்டப் போனார். கோபமாகச் சொல்லியிருந்தால் நான் தாங்கியிருப்பேன்.

அதிலிருந்து பதினேழாம் நாள் காலை ஒன்பது மணிக்கு அந்தப் பந்தலுக்குக் கீழேயே அப்பா உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. தங்கச்சி செல்வி போனில் சொல்லும்போது நான் வாய்க்கால் கரையில் ஆடிக்கொண்டிருந்தேன். என் குளோசப் இன்னும் எடுக்கவில்லை. மூன்று நாள் கழித்து வைத்திருந்தார்கள். அப்பா இறந்துவிட்டார் என்று சொன்னால் காரியம் முடியும்வரை வரமாட்டான் என்று வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள் என்று எனக்கு அந்த நிமிடத்திலும் தோன்றியது. அப்படித் தோன்றியதற்காக இன்றும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. உதவி இயக்குநரிடம், "அப்பாவுக்கு உடம்பு சரியில்ல, போய்ப் பாத்துட்டு வந்துர்றேன்" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கிளம்பினேன்.

வீட்டில் கூட்டமே இல்லை. சொந்தக்காரர்களுக்குப் போன் போட்டுப் போட்டுச் செல்விக்குத் தொண்டை கட்டியிருந்தது. "இந்தத் தடவையும் ஷூட்டிங்கான்னு கேக்குறாகண்ணே" என்று என் தோளில் விழுந்து அழுதாள். உத்தமபாளையத்துப் பெரியம்மா, "போன மாசம் ஒருக்கா அழுதாச்சு. இனிமே நெசமாப் போனாச் சொல்லுங்க" என்று போனை வைத்துவிட்டாராம். பக்கத்து வீட்டுக்காரர் போட்டோ எடுத்து எல்லோருக்கும் அனுப்பின பிறகுதான் ஒவ்வொருவராக நம்பி வந்தார்கள். பெரியம்மா அப்பாவின் காலைப் பிடித்துக்கொண்டு எழவே இல்லை. அப்பா யாரையும் வாங்க என்று சொல்லவில்லை. அன்று அவர் வேடிக்கையாகச் சொன்னது அவர் காதுக்கே கேட்காமல் பலித்துவிட்டது.

சுடுகாட்டில் என்னை ஒரு கல்லில் உட்கார வைத்தார்கள். ஊரில் எல்லோருக்கும் சவரம் செய்கிற ராசு அண்ணன் பெட்டியைத் திறந்து, தண்ணீர் தொட்டு என் தலையில் கை வைத்தார். கை வழுக்கியது. யூனிட்டில் இரண்டு நாளைக்கு ஒரு தடவை மழித்துவிடுவார்கள், முடி வளர்ந்தால் முன்னால் எடுத்த காட்சிக்கும் பின்னால் எடுக்கிற காட்சிக்கும் ஒட்டாது என்று. அன்று காலை ஆறு மணிக்கும் மழித்திருந்தார்கள். ராசு அண்ணன் மேலுதட்டைத் தடவினார், தாடையைத் தடவினார், கடைசியில் பங்காளிகளைப் பார்த்தார்.

"இங்கன எடுக்க என்னங்க இருக்கு?"

பங்காளிகள் கூடிப் பேச ஆரம்பித்தார்கள். அப்பன் கட்டையில் கிடக்கிறார், மகன் தலையில் ஒரு முடி இல்லை, இப்படி ஒரு சிக்கல் ஊரில் வந்ததே இல்லை. பெரியப்பா, "முன்னாடி எடுத்தது கணக்குல வராது, அப்ப ஆளு உசுரோட இருந்தாருல்ல" என்றார். ஒரு மாமா, "நெஞ்சுல இருந்தா எடுக்கலாமே" என்று என் சட்டையை விலக்கிப் பார்த்தார். பாட்டுக்காக அதையும் எடுத்திருந்தார்கள். எல்லோரும் உச்சுக் கொட்டினார்கள். கடைசியில் பெரியப்பா ஒரு முடிவுக்கு வந்தார். "புருவம் இருக்குல்ல? அத எடுத்துரு ராசு. அப்பனுக்கு எதையாச்சும் குடுத்துத்தான ஆகணும்."

ராசு அண்ணன் கத்தியைப் புருவத்துக்குக் கொண்டுவந்தார். அப்போது என் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்தது. கத்தியபடியே வந்தது.

"புருவம் வேணாம்! கன்டினியூட்டி!"

பெரியப்பா, "என்னது?" என்றார். நான் விளக்க ஆரம்பித்தேன். மூன்று நாளில் குளோசப் இருக்கிறது, புருவம் போனால் முன்னால் எடுத்ததோடு சேராது, வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள் என்று. பெற்ற அப்பன் பக்கத்தில் கிடக்க, பதினெட்டுப் பங்காளிகளுக்கு நான் சினிமாப் பாடம் நடத்தினேன். பேசப் பேச என் குரலே எனக்குத் தூரத்தில் கேட்டது. பாதியில் நிறுத்திவிட்டேன். யாரும் திட்டவில்லை. யாராவது திட்டியிருந்தால் அதற்கேற்ற முகம் ஒன்றைக் காட்டியிருப்பேன்.

ராசு அண்ணன்தான் முடித்துவைத்தார். "மயிரு இல்லாட்டி என்ன? கத்தி பட்டாப் போதும்" என்று சொல்லி, வெறும் தலையில் மூன்று இழுப்பு இழுத்தார். மேலுதட்டில் இரண்டு இழுப்பு. எடுக்க ஒன்றும் இல்லாத இடத்தில் கத்தி ஓடியதால் உதட்டுக்கு மேலே கீறி ரத்தம் வந்தது. துடைக்காமல் அப்படியே போய்க் கொள்ளி வைத்தேன். அழுகை வந்ததா என்று கேட்காதீர்கள். எதிரில் இருந்தவர் முகத்தில் ஒன்றும் இல்லை. எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை.

மூன்றாம் நாள் பால் தெளித்துவிட்டு வந்து வீட்டில் மூலையில் உட்கார்ந்திருந்தேன். பங்காளிகள் சொல்லி அம்மாவுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. தட்டில் சோறு கொண்டுவந்து வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தார்.

"எடுத்த மீசைய என்னய்யா பண்ணாக?"

"வாய்க்கால்ல விட்டுட்டாகம்மா."

"தண்ணியிலதான விட்டாக. கருமாதிக்கும் தண்ணியிலதான விடப்போறோம். நாளு முன்னப் பின்ன ஆயிருச்சு. அவருக்குப் போய்ச் சேந்துரும்." பிறகு அம்மா தட்டை என் பக்கம் தள்ளினார். "சாப்ட்டுட்டு நாளைக்கிப் போ. தலையத் தடவுறத ஒனக்குச் சொல்லிக் குடுத்தேன்னு அவரு எங்கிட்ட சொன்னாரு, அத ஒழுங்காப் பண்ணிட்டு வா. கருமாதிக்கு வந்துரு."

போனேன். உதட்டுக் கீறலை மேக்கப்காரர் மூடினார். ஷேவிங்கில் பட்டுவிட்டதா என்று கேட்டார், ஆமாம் என்றேன். நாலு நண்பர்களும் மொட்டை, நாலு பேருக்கும் மீசை இல்லை. அப்பா இருந்தபோது என் முகத்தைப் பார்த்து ஊரே துக்கம் விசாரித்தது. அப்பா போன பிறகு நூறு பேர் இருந்த யூனிட்டில் ஒருவருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. கேமரா ஓடியது. பின்னந்தலையிலிருந்து முன்னால் தடவி, முடி இல்லை என்று அப்போதுதான் தெரிந்ததுபோல முழித்து, டயலாக்கைச் சொன்னேன். முதல் டேக்கிலேயே ஓகே. டைரக்டர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். எதிரில் இருப்பவர் சிரித்தால் நானும் சிரிக்க வேண்டுமே, சிரித்தேன்.

படம் வந்தது, கம்பத்தில் பத்து நாள் ஓடியது. குளோசப் நாலு நொடி இருந்தது. டயலாக்கும் இருந்தது, ஆனால் குரல் என்னுடையது இல்லை. யாரோ ஒருவரைப் பேச வைத்திருந்தார்கள். செல்வியின் பிள்ளைகள் அன்றிலிருந்து என்னைக் 'கன்டினியூட்டி மாமா' என்றுதான் கூப்பிடுகின்றன. வீட்டில் யாராவது ஒரு வேலையைத் தட்டிக்கழித்தால், "என்ன, கன்டினியூட்டியா?" என்று கேட்பார்கள். கல்யாண வீடுகளில் பெரியப்பா இந்தக் கதையைச் சொல்லி முடிப்பதற்குள் பந்தியில் பாயசம் ஆறிவிடும். மீசை திரும்ப வளர்ந்துவிட்டது. எடுக்கச் சொல்லி இரண்டு படங்களில் கேட்டார்கள், முடியாது என்று சொல்லிவிட்டேன். இனி அது போய்ச் சேர வேண்டிய அப்பா இல்லை என்று எனக்கும் தெரியும்.

வருடா வருடம் அப்பாவின் திதியன்று படையல் முடிந்ததும் செல்வியின் மகள் போனில் அந்தப் பாட்டைப் போடுவாள். என் முகம் வந்ததும் சத்தத்தைக் குறைக்கச் சொல்லிவிடுவார் அம்மா. யாரோ ஒருவருடைய குரல் வேண்டாமாம். சத்தமில்லாமல் நான் தலையைத் தடவி முழிப்பேன். எல்லோரும் சிரிப்பார்கள்.

அம்மா மட்டும் போனைப் பார்த்துக்கொண்டே சொல்வார், "அப்பிடியே அவரேதான்."